கடைசி ரயில் போய்விட்டது: டோக்கியோவில் விடியும்வரை எங்கே இருப்பது?

வெள்ளிக்கிழமை இரவு 12.40. தூக்கக் கலக்கத்தில் போனை எடுத்தால், மூன்று மாதத்துக்கு முன் மதுரையிலிருந்து வந்த தம்பி.

"அண்ணே, டோசாய் லைன் போயிருச்சு. ஷின்ஜுகுல நிக்கிறேன். என்ன பண்ணட்டும்?"

அலுவலகத்து நோமிகாய், அதாவது வேலை முடிந்து எல்லோரும் சேர்ந்து குடிக்கும் விருந்து, ஒன்பது மணிக்கே முடிந்திருக்கிறது. அதற்கப்புறம் 'நிஜிகாய்', அதாவது இரண்டாவது சுற்று. அதில்தான் ஆள் மாட்டுவது. டோக்கியோவில் யாரைக் கேட்டாலும் ரயில் தவறிய கதை நிஜிகாயில்தான் தொடங்கும்.

இந்தப் போன் எனக்குப் பழகிவிட்டது. நான் இருக்கும் நிஷி-கசாய் பக்கம் நம் ஆட்கள் நிறைய. புதிதாக வருபவர்களுக்கெல்லாம் இதே சந்தேகம்: இசைக்கு மைக் பிடித்துப் பாடும் கரோகேயா, மங்கா என்ற படக்கதைப் புத்தகங்கள் வைத்திருக்கும் கடையா, ஆள் படுக்கும் அளவுப் பெட்டியில் தூங்கும் கேப்ஸ்யூல் ஓட்டலா, குளியல் விடுதியா, இல்லை பல்லைக் கடித்துக்கொண்டு டாக்ஸியா? ஒவ்வொருவருக்கும் நள்ளிரவில் போனில் சொல்வதைவிட ஒருமுறை எழுதிவைப்பது மேல்.

முதலில், ஊர் நிலவரம்

கடைசி ரயிலுக்கு இங்கே ஷூடென் என்று பெயர். காலையின் முதல் ரயில் ஷிஹட்சு. நள்ளிரவு கடந்து ஒரு மணிக்குள் ஏறக்குறைய எல்லா ரயில் பாதைகளும் அடங்கிவிடும். மறுபடி சக்கரம் உருள்வது நாலரை, ஐந்து மணிக்கு. டிசம்பர் 31 இரவில் மட்டும் யமனோதே போன்ற சில பாதைகள் விடிய விடிய ஓடும்.

பழைய ஆட்கள் சொல்லும் நேரத்தை நம்பாதீர்கள். 2021 மார்ச்சில் ஜேஆர் ஈஸ்ட் ரயில் நிறுவனம் டோக்கியோ வட்டாரத்துக் கடைசி ரயில்களை அரைமணி அளவுக்கு முன்னால் இழுத்துவிட்டது. இரவில் தண்டவாளப் பராமரிப்புக்கு நேரம் போதவில்லை, கொரோனாவுக்குப் பின் பின்னிரவுக் கூட்டமும் குறைந்துவிட்டது. பேருந்தாவது ஓடக்கூடாதா என்றால், அதையும் பார்த்தார்கள். 2013 டிசம்பரில் ஷிபுயாவுக்கும் ரொப்பொங்கிக்கும் நடுவே வெள்ளி இரவுகளில் விடியவிடிய ஓடும் பேருந்தை நகர அரசு விட்டது. ஏற ஆளில்லாமல் 2014 அக்டோபரோடு நிறுத்திவிட்டார்கள்.

இன்னொன்று. கடைப் பலகைகளில் '25 மணி', '29 மணி' என்று போட்டிருந்தால் அச்சுப்பிழை என்று நினைக்காதீர்கள். இரவு வாழ்க்கைக்கு இவர்கள் நாளை நள்ளிரவில் முடிப்பதில்லை, எண்ணிக்கொண்டே போவார்கள். 25 மணி என்றால் ஒரு மணி, 29 மணி என்றால் விடிகாலை ஐந்து. கரோகே வாசலில் '23–29' என்று கண்டால் அதுதான் உங்களுக்கான சீட்டு.

எதை வைத்து முடிவு செய்வது

எல்லோரும் முதலில் கேட்பது 'எது மலிவு' என்று. நானும் முதல் வருடம் அப்படித்தான் இருந்தேன். ஆயிரம் யென் மிச்சம் பிடித்து, மறுநாள் சனிக்கிழமை முழுவதும் திரைச்சீலையை இழுத்துவிட்டுத் தூங்கித் தொலைத்தேன். அதனால் இப்போது என் வரிசை வேறு:

- நாளை காலை என்ன இருக்கிறது? ஒன்றுமில்லை என்றால் எதுவும் சரி. பத்து மணிக்கு யாரையாவது பார்க்க வேண்டுமென்றால் படுக்கையும் குளியலும் கட்டாயம்.
- வீடு எத்தனை கிலோமீட்டர்? ஆறுக்குள் என்றால் டாக்ஸிதான், மற்றக் கணக்கே வேண்டாம்.
- எத்தனை பேர், ஒரே திசையா?
- ரெசிடென்ஸ் கார்டு கையில் இருக்கிறதா? இங்கே குடியிருக்கும் வெளிநாட்டவர் எப்போதும் வைத்திருக்க வேண்டியதுதான், ஆனாலும் கேட்கிறேன்.
- கண்ணில் தெரியாத செலவு என்ன?

கடைசிக் கேள்வியைத்தான் யாரும் கேட்பதில்லை. கீழே ஒவ்வொன்றுக்கும் சொல்கிறேன். விலைகள் நகர மையத்தில் நான் பார்த்தவரைக்கும் உள்ள நிலவரம். வெள்ளி, சனி இரவுகளில் மேல் எண்ணை எடுத்துக்கொள்ளுங்கள்.

| வழி | தலைக்குச் செலவு (யென்) | கால் நீட்டித் தூங்க | குளியல் | பொருந்துவது |
|---|---|---|---|---|
| கரோகே | 2000–4500 | சோபா மட்டும் | இல்லை | மூன்று நான்கு பேர், தூங்கும் எண்ணம் இல்லாதவர்கள் |
| மங்கா/நெட் கஃபே | 2000–3500 | மெத்தை அறை கிடைத்தால் | ஷவர், பல கடைகளில் | தனி ஆள், மறுநாள் ஓய்வு |
| கேப்ஸ்யூல் | 3500–7000 | நன்றாக | உண்டு | மறுநாள் வேலை உள்ளவர்கள் |
| இரவு முழுக்கக் குளியல் விடுதி | 4500–6000 | சாய்வு நாற்காலி | அதற்காகத்தான் போவதே | குளிர்காலம், உடம்பு வலி |
| டாக்ஸி | தூரத்தைப் பொறுத்து | சொந்த வீட்டில் | சொந்த வீட்டில் | பக்கத்தில் வீடு, அல்லது நான்கு பேர் |

டாக்ஸி

இதை முதலில் எடுப்பதற்குக் காரணம் உண்டு. புதிதாக வருபவர்கள் ஜப்பான் டாக்ஸி என்றாலே அலறி ஓடிவிடுகிறார்கள், கணக்குப் போட்டுப் பார்ப்பதில்லை.

2022 நவம்பரில் வந்த கட்டணப்படி, டோக்கியோவின் 23 வார்டுகளில் முதல் 1.096 கிலோமீட்டருக்கு 500 யென். அதன்பின் ஒவ்வொரு 255 மீட்டருக்கும் 100 யென். இரவு பத்திலிருந்து காலை ஐந்துவரை இருபது சதவீதம் கூடுதல். ஆறு கிலோமீட்டருக்குச் சுமார் 3000 யென் வருகிறது. ஷின்ஜுகுவில் மாட்டிக்கொண்டவர் வீடு நகானோவில் என்றால் 2500 சுமார். மங்கா கடையில் சுருண்டு படுக்கும் காசுக்கு உங்கள் தலையணையே கிடைக்கிறது. ஏறிவிடுங்கள்.

நிஷி-கசாய்க்குச் சுமார் 17 கிலோமீட்டர், அதாவது 8000 யென்னுக்கு மேல். தனி ஆளுக்கு வலிக்கும். ஆனால் ஒரு டாக்ஸியில் நான்கு பேர் ஏறலாம். நால்வருக்கும் வீடு ஒரே பக்கம் என்றால் தலைக்கு 2000 சொச்சம். வெள்ளி, சனி இரவுகளில் அட்டவணையில் இதைவிட மலிவாக எதுவும் இல்லை. நிஜிகாய் தொடங்கும்போதே 'யார் யார் நம்ம பக்கம்' என்று எண்ணிவைப்பது என் பழக்கம்.

தெரியாத செலவு: ஓட்டுநர் திரும்பி 'கோசோக்கு?' என்று கேட்பார். விரைவுச் சாலை வழியாகப் போகலாமா என்று அர்த்தம். தூக்கத்தில் தலையாட்டினால் சுங்கம் உங்கள் தலையில். நள்ளிரவில் கீழ்ச்சாலையே காலியாகத்தான் இருக்கும். செயலி வழியாக அழைத்தால் வரவழைக்கும் கட்டணம் தனியாகச் சேரும். கின்சாவில் வார நாள் இரவு பத்திலிருந்து ஒரு மணிவரை நினைத்த இடத்தில் கை காட்டி ஏற முடியாது, டாக்ஸி நிறுத்தத்தில் வரிசையில் நின்றே ஆக வேண்டும். கதவைத் தொடாதீர்கள், அதுவே திறக்கும், அதுவே மூடும்.

கரோகே

நண்பர்கள் கூட்டமாக இருந்தால் எல்லோர் வாயிலும் முதலில் வருவது இதுதான். ஷின்ஜுகு, ஷிபுயா, இகெபுகுரோ என்று எங்கே இறங்கினாலும் பிக் எக்கோ, கரோகேகான், மானெகினெகோ பலகைகள் கண்ணில் படும். இரவு 'ஃப்ரீ டைம்' எடுத்தால் பெரும்பாலும் பதினொன்றிலிருந்து ஐந்துவரை அறை உங்களுடையது.

கரோகே இயந்திரத்தை 1971இல் கோபே நகரத்தில் உருவாக்கியவர் இனோவே தைசுகே என்ற இசைக்காரர். காப்புரிமை வாங்காமல் விட்டுவிட்டார். தனி அறையில் பாடும் 'கரோகே பாக்ஸ்' வந்தது எண்பதுகளில், சரக்குப் பெட்டகத்தை அறையாக மாற்றி. அதனால்தானோ என்னவோ, இன்றைக்கும் அந்த அறைகளுக்கு ஜன்னல் என்பதே அபூர்வம். மணி மூன்றா ஐந்தா என்று உடம்புக்குத் தெரியாது.

உள்ளே நடப்பது இதுதான். முதல் ஒரு மணி நேரம் மைக்குக்கு அடிதடி. இரண்டு மணிக்கு ஒருவர் சோபாவில் சாய்வார். மூன்றரைக்கு எல்லோரும் சாய்ந்திருப்பார்கள், திரையில் விளம்பரம் மட்டும் ஓடிக்கொண்டிருக்கும். பக்கத்து அறையில் மட்டும் யாரோ ஒரு புண்ணியவான் களைக்காமல் கத்திக்கொண்டிருப்பார். பாட்டு கேட்காது, சுவர் வழியாக 'தம் தம்' என்று தாளம் மட்டும் வரும். கண் சொக்கும் நேரம் பார்த்துச் சுவரில் தொங்கும் போன் அலறும். 'இன்னும் பத்து நிமிடம்' என்று மிகப் பணிவாக ஒரு குரல். மணி 4.50. சோபாவின் ரெக்ஸின் கன்னத்தில் ஒட்டியிருக்கும்.

தெரியாத செலவு: வாசலில் பெரிதாக எழுதியிருக்கும் விலை பெரும்பாலும் வார நாள் பகலுக்கு, அதுவும் அரைமணி நேரத்துக்கு. கட்டணம் அறைக்கு அல்ல, ஆளுக்கு. குறைந்தது ஒரு பானமோ, வேண்டிய அளவு நாமே பிடித்துக் குடிக்கும் டிரிங்க் பாரோ தனியாக எடுக்கச் சொல்வார்கள். பசித்தால் அந்த நேரத்தில் சைவக்காரருக்குக் கிடைப்பது உருளைக்கிழங்கு வறுவல், மறுபடியும் உருளைக்கிழங்கு வறுவல். நம் பாட்டு இயந்திரத்தில் இருக்கும் என்று நம்பிப் போகாதீர்கள். போனைத் திரையில் இணைக்க எச்டிஎம்ஐ வசதி உண்டா என்று கவுண்டரிலேயே கேட்டுவிடுங்கள்.

தெருவில் 'கரோகே, கரோகே, மலிவு' என்று பின்னாலேயே வருபவரிடம் மட்டும் போய்விடாதீர்கள். அவர்களுக்குக் 'கியாகுஹிகி' என்று பெயர். ஷின்ஜுகுவின் கேளிக்கைப் பகுதியான கபுகிச்சோவில் ஒலிபெருக்கி வைத்தே எச்சரித்துக்கொண்டிருக்கிறார்கள்.

என் தீர்ப்பு: தூங்கப்போவதில்லை என்று முடிவெடுத்தவர்களுக்கு இதைவிட நல்ல இடம் கிடையாது. தூங்கலாம் என்று நினைத்துப் போவது வீண்.

மங்கா கஃபே, நெட் கஃபே

தனி ஆளாக மாட்டினால் நான் பல வருடம் போனது இங்கேதான். கைகட்சு கிளப், மன்போ போன்ற பெயர்கள் ரயில் நிலையத்தை ஒட்டியே கண்ணில் படும். 'நைட் பேக்' என்று கேட்டால் ஆறு மணி நேரம், எட்டு மணி நேரம் என்று சேர்த்துத் தருவார்கள். தேநீர், காபி, சில இடங்களில் ஐஸ்கிரீம்கூட இலவசம். அலமாரி அலமாரியாக மங்கா. ஜப்பானிய எழுத்து தெரியாவிட்டாலும் படம் பார்க்கலாம்.

இருக்கையைத் தேர்ந்தெடுப்பதில்தான் எல்லாம் இருக்கிறது. திரையில் சாய்வு நாற்காலி, 'ஃப்ளாட்', பூட்டுள்ள தனி அறை என்று வரும். சில நூறு யென்னுக்காக நாற்காலி எடுத்தால் காலையில் இடுப்பு கேள்வி கேட்கும். ஃப்ளாட் என்றால் தரை முழுக்க மெத்தை விரித்த சின்னப் பெட்டி. செருப்பை வெளியே விட்டுவிட்டு நுழைய வேண்டும். ஆறடி ஆள் என்றால் மூலைக்கு மூலை குறுக்காகப் படுக்கலாம். பூட்டுள்ள அறை இருந்தால் அதையே எடுங்கள். மற்றப் பெட்டிகளின் தடுப்பு கூரைவரை போகாது. நான்கு பெட்டி தள்ளி விடும் குறட்டையும் உங்களுக்குத்தான். பெண்களுக்கென்று தனிப் பகுதி வைத்திருக்கும் கடைகள் உண்டு. என் அலுவலகத் தோழி அது இல்லாத கடைக்குள் கால் வைப்பதில்லை.

அடையாள அட்டை இல்லாமல் டோக்கியோவில் நுழைய முடியாது. 2010 ஜூலையிலிருந்து நகர விதியே அதுதான். ரெசிடென்ஸ் கார்டை நீட்டினால் ஐந்து நிமிடத்தில் வேலை முடியும்.

தெரியாத செலவு: நேரம். ஒருமுறை ஆறு மணி நேரப் பேக் எடுத்து அசந்து தூங்கிவிட்டேன். எழுப்ப யாரும் வரவில்லை, ஏன் வரவேண்டும்? நேரம் தாண்டியதும் பத்து நிமிடத்துக்கு இவ்வளவு என்று மீட்டர் தானாக ஓடிக்கொண்டிருந்திருக்கிறது. வெளியே வந்தபோது கட்டிய தொகைக்குக் கேப்ஸ்யூலில் மகாராஜாவாகப் படுத்திருக்கலாம். அதிலிருந்து எட்டு மணி நேரப் பேக்தான். வித்தியாசம் சில நூறு யென். துண்டுக்கும் பல இடங்களில் தனிக் காசு.

இந்த இடங்களைப் பற்றி இன்னொன்றும் சொல்ல வேண்டும். நமக்கு இது ஒரு இரவுக் கூத்து. ஆனால் காலை ஆறு மணிக்கு அதே நடைபாதையில் பெரிய பையைத் தூக்கிக்கொண்டு, சட்டையை நேர்த்தியாகத் தேய்த்துப் போட்டு வேலைக்குக் கிளம்பும் ஆளையும் பார்ப்பீர்கள். வீடில்லாமல் இப்படித் தங்குபவர்கள் டோக்கியோவில் ஒரு நாளைக்கு ஏறத்தாழ 4000 பேர் என்று 2018 ஜனவரியில் வெளியான நகர அரசின் ஆய்வு சொன்னது. சத்தமாகப் போன் பேசாதீர்கள். அவர்களுக்கு அது படுக்கையறை.

கேப்ஸ்யூல் ஓட்டல்

1979இல் ஒசாகாவின் உமேதாவில் முதல் கேப்ஸ்யூல் ஓட்டல் திறந்ததே, ரயில் தவறிய அலுவலக ஆட்களுக்காக என்று சொன்னாலும் தப்பில்லை. வடிவமைத்தவர் கட்டடக் கலைஞர் குரோகாவா கிஷோ. இப்போதுள்ளவை விமான நிலைய ஓய்வறைபோல வெள்ளை வெளேரென்று இருக்கின்றன. நைன் ஹவர்ஸ் என்ற சங்கிலியின் பெயருக்கே விளக்கம் உண்டு: குளிக்க ஒரு மணி, தூங்க ஏழு மணி, கிளம்ப ஒரு மணி.

நுழைந்ததும் காலணியைப் பெட்டியில் வைக்க வேண்டும். அறைச் சாவிக்குப் பதில் கிடைப்பது லாக்கர் சாவிதான். இரவு உடை, துண்டு, பல்துலக்கி எல்லாம் பெரும்பாலும் சேர்த்தே கிடைக்கும். குளித்துவிட்டு ஏணியில் ஏறி உள்ளே போனால் எழுந்து உட்காரும் உயரம் இருக்கும், நிற்க முடியாது. வாசலில் கதவு இல்லை, இறக்கிவிடும் திரைதான், பூட்டவும் முடியாது. பர்ஸையும் பாஸ்போர்ட்டையும் லாக்கரில் வைத்துவிட்டுப் படுங்கள். என் முதல் இரவில் மூச்சு முட்டுமோ என்று பயந்தேன். விளக்கை அணைத்தபிறகு ஊர் வீட்டுப் பரண் ஞாபகம்தான் வந்தது. ஐந்து நிமிடத்தில் தூங்கிவிட்டேன்.

தெரியாத செலவு: விலை தேவையைப் பார்த்து ஏறும். வெள்ளி இரவு ஒரு மணிக்குப் போனால் நிறைந்திருக்கவும் வாய்ப்பு அதிகம். பன்னிரண்டு மணிக்கே 'இன்றைக்கு ரயில் கிடைக்காது' என்று உள்மனது சொல்லும் பாருங்கள், அப்போதே போனில் முன்பதிவு செய்துவிடுங்கள். ஆண்களுக்கு மட்டுமான இடங்களும் உண்டு. பெண்கள் தனித் தளம் இருக்கிறதா என்று பார்த்துப் பதிவு செய்ய வேண்டும். அதிகாலை அலாரம் இன்னொரு தொல்லை. ஐம்பது பேர் தூங்கும் தளத்தில் ஐந்து மணியிலிருந்தே ஒவ்வொரு பெட்டியாக முனக ஆரம்பிக்கும். காதடைப்பான் இருந்தால் மாட்டிக்கொள்ளுங்கள்.

மறுநாள் காலை மனிதனாக நடமாட வேண்டுமென்றால் என் ஓட்டு இதற்கே. பத்து மணிவரை இருக்கலாம் என்பதால் முதல் ரயிலுக்கு ஓடவும் வேண்டாம்.

குளியல் விடுதி

தெருமுனையில் இருக்கும் செந்தோ என்ற பொதுக் குளியல் கூடம் மலிவு. 2024 ஆகஸ்டில் பெரியவர்களுக்கான கட்டணம் 550 யென் ஆனது. ஆனால் அவை நள்ளிரவை ஒட்டி மூடிவிடும். விடியும்வரை இருக்க வேண்டுமென்றால் கபுகிச்சோவின் தெர்மே-யு, டோக்கியோ டோம் பக்கத்து ஸ்பா லாகுவா போன்ற பெரிய இடங்கள். லாகுவாவில் 1700 மீட்டர் ஆழத்திலிருந்து வெந்நீர் எடுக்கிறார்கள். ஜனவரிக் குளிரில் அதில் கழுத்துவரை மூழ்கிக் கிடந்தால் ரயிலைத் தவறவிட்டதற்கு நன்றி சொல்லத் தோன்றும்.

தெரியாத செலவு: நுழைவுக் கட்டணத்தோடு நள்ளிரவுக் கூடுதல் கட்டணம், அதுவும் சில ஆயிரம் வரும், வெந்நீர் ஊற்று என்றால் சிறு வரி. எல்லாம் சேர்த்தால் கேப்ஸ்யூல் விலை. தூங்குவது சாய்வு நாற்காலியில், அதுவும் இரண்டு மணிக்குள் நிறைந்துவிடும். நிறையக் குடித்திருந்தால் உள்ளே விடமாட்டார்கள். கையில் அம்மா பெயரைப் பச்சை குத்தியிருந்தாலும் பல இடங்களில் மறுப்புதான். துண்டு கட்டிக்கொண்டு தொட்டியில் இறங்கவும் கூடாது. அலுவலக நண்பரோடு போவதற்கு முன் இதை யோசித்துக்கொள்ளுங்கள்.

மற்றவை

விடியவிடியத் திறந்திருக்கும் ஃபேமிலி ரெஸ்டாரன்ட்டில் ஒரு காபியோடு உட்கார்ந்துவிடலாம் என்பது பழைய யோசனை. ராயல் ஹோஸ்ட் 2017இலும், கஸ்டோ, ஜோனதன்ஸ் கடைகளை நடத்தும் ஸ்கைலார்க் 2020இலும் 24 மணி நேரத்தைக் கைவிட்டன. இசகாயா என்ற மதுக்கடையில் உட்காரலாம், ஆனால் கேட்காமலே வைக்கும் 'ஓதோஷி' சிறுதட்டுக்கு ஆளுக்கு ஒரு கட்டணம், பல இடங்களில் இரவு நேரச் சேர்க்கை வேறு. சினிமாப் பைத்தியம் என்றால் இகெபுகுரோவின் ஷின்-புங்கெய்சாவில் சனி இரவுகளில் விடியவிடியப் படம் போடும் வழக்கம் உண்டு. நடந்தே போய்விடலாம் என்று கிளம்பிய ஒருவரை எனக்குத் தெரியும். ஷின்ஜுகுவிலிருந்து கிளம்பியவர் நிஹோம்பாஷியில் ஐந்து மணி முதல் ரயிலைப் பிடித்தார்.

அப்போ தம்பிக்கு என்ன சொன்னேன்?

தனி ஆள், மழை, சனிக்கிழமை மதியம் வீடு பார்க்கப் போக வேண்டும், வீட்டுத் தரகர் காத்திருப்பார். டாக்ஸி 8000 தாண்டும். கரோகே கூட்டமில்லாமல் வீண். கேப்ஸ்யூல் பார்க்கச் சொன்னேன். பக்கத்தில் இரண்டு இடம் நிறைந்துவிட்டது, மூன்றாவது 6800 யென். "அண்ணே, அவ்வளவா?" என்றார். மதியம்தான் வேலை என்பதால் பூட்டுள்ள மங்கா அறை, எட்டு மணி நேரப் பேக், ஷவர் என்று முடிந்தது. காலைப் பத்து மணி வேலையாக இருந்தால் அந்த 6800ஐக் கட்ட வைத்திருப்பேன்.

ஷிஹட்சுவில் ஏறுபவர்களுக்கு ஒன்று மட்டும். டோசாய் லைன் மினாமி-சுனமாச்சி தாண்டியதும் சுரங்கத்திலிருந்து மேலே வந்து அரகாவா ஆற்றைக் கடக்கும். ஜூன் மாதத்தில் நாலரைக்கே விடிந்துவிடுவதால் வெளிச்சம் நேராகக் கண்ணில் அடிக்கும். அதுதான் நம் அலாரம், அடுத்தது நிஷி-கசாய். அந்த வெளிச்சத்திலும் விழிக்காவிட்டால் சிபா மாவட்டத்து நிஷி-ஃபுனாபாஷியில் எழுப்பிவிடுவார்கள்.